சத்துணவுக் கூடத்தில் இருந்த டீச்சர்

செவ்வாய், இரவு.

டைரியே, இந்நேரத்தில் உன்னைத் திறப்பதற்கு மன்னித்துக்கொள். பாப்பா இப்போதுதான் தூங்கினாள்.

இன்று ஸ்ரீவில்லிபுத்தூரில் எங்கள் உதவிபெறும் பள்ளிக்கு ஆய்வு அதிகாரி வந்தார். என் நியமனத்துக்கு அரசு ஒப்புதல் கேட்டு வழக்கு நடக்கிறதல்லவா, ஒப்புதல் இல்லாத என்னைப் பார்த்தால் வம்பு என்று தலைமையாசிரியை பயந்துவிட்டார். "செத்த நேரம் சத்துணவுக் கூடத்துல இருங்க டீச்சர். அவிய கண்ணுல பட்டுராதீங்க." வழக்கம்போலப் போய் உட்கார்ந்தேன். நான் எடுக்கும் மூன்றாம் வகுப்புக்கு ஆசிரியர் இல்லை என்று அதிகாரி எழுதிக்கொண்டு போய்விட்டார்.

ராஜபாளையம் பஸ்ஸில் ஏறியதும் வக்கீலுக்குப் போன் செய்தேன்.

"தெனமும் வேலை பாக்கீங்கன்னுதானம்மா கேஸே போட்டிருக்கோம்! ஒளியச் சொன்னா ஒளிஞ்சிருவீங்களா?"

அழுகைகூட வரவில்லை. நாளை ஏழாம் வாய்ப்பாடு சொல்லித்தருவதாகப் பிள்ளைகளிடம் சொல்லியிருக்கிறேன். போகட்டுமா, வேண்டாமா? சீக்கிரம் பதில் சொல்.