கழற்றாமல் விட்ட மாலை

என் உயிரான அருள்தாஸ் மாமாவுக்கு,

உங்கள் வேலையை இப்போது நான்தான் பார்க்கிறேன். சீரியல் தொடங்கும்போது ‘கலை: அந்தோணி’ என்று பெயர் ஓடுகிறது. சந்தோஷப்பட வேண்டியவன் பயந்து சாகிறேன் மாமா. யாரிடம் போய்ச் சொல்ல?

கடலூர் முதுநகரில் கடை போர்டு எழுதிக்கொண்டிருந்தவர், சென்னைக்குப் போய் எத்தனை வீடுகளை எழுப்பினீர்கள்! பிளைவுட்டில் பங்களா, தெர்மாகோலில் கோயில் தூண். ஆனால் எந்த சீரியலானாலும் கூடத்துச் சுவரில் செத்துப்போன அப்பா ஒருவர் மாலையோடு தொங்க வேண்டும். அதற்குத் தன் போட்டோவைத் தர யாருக்கு மனசு வரும்? துணை நடிகர்கள்கூட “அய்யோ, நான் புள்ளகுட்டிக்காரன் சார்” என்று நழுவுவார்கள். “எம் மூஞ்சிய எவனுக்குடா தெரியும்?” என்று உங்கள் படத்தையே மாட்டிவிடுவீர்கள். ஒன்றில் மீசையோடு மிராசுதார், இன்னொன்றில் கண்ணாடி போட்ட வக்கீல்.

ஷாட் முடிந்ததும் முதல் வேலையாக மாலையைக் கழற்றுவீர்கள். படத்தைப் பார்த்து, “இருக்கேன்டா நானு” என்று சிரிப்பீர்கள். கடைசி சீரியலில் மட்டும், மறுநாளும் அதே காட்சி என்பதால், “கன்டினியூட்டி சார், மாலையத் தொடாதீங்க” என்று தடுத்துவிட்டார்கள். நீங்களும் விட்டுவிட்டீர்கள். அந்த வாரமே நெஞ்சுவலி, போய்விட்டீர்கள். டாக்டர் ரத்தக்குழாய் அடைப்பு என்றார். எனக்கு இன்றுவரை அந்த மாலைதான் காரணம். இது முட்டாள்தனமா மாமா?

இப்போது சிதம்பரத்தில் கீழவீதிப் பக்கம் ஒரு வீட்டை எடுத்துப் புது சீரியல் நடக்கிறது. கதாநாயகியின் இறந்துபோன கணவருக்கு ஒரு படம் வேண்டுமாம். “உங்க மாமா மாதிரி உன் போட்டோவையே போட்டுடேன்” என்றார் டைரக்டர், டீ சொல்வதுபோல. தப்பித்தால் போதும் என்று கம்ப்யூட்டரில் ஒரு முகத்தை உண்டாக்கிக் காட்டினேன். “என்னய்யா, பொணமாட்டம் இருக்கு” என்கிறார்! செத்தவர் படத்துக்குத்தானே கேட்டார்!

வீட்டில் என் மனைவி ரீனா ஒரே பிடியாக நின்றாள். “ஒங்க படத்துக்கு அங்க மால வுழுந்துச்சு, புள்ளையத் தூக்கிக்கினு குறிஞ்சிப்பாடிக்கு எங்கம்மா வூட்டுக்கே போயிடுவேன்.”

விஷயம் அக்கா காதுக்கும், உங்கள் ஸ்டெல்லா காதுக்கும் போய்விட்டது. காலை பஸ்ஸில் சிதம்பரம் வந்து இறங்கினாள். பையில், கிறிஸ்துமஸ் சட்டை போட்ட உங்கள் படம்.

“ஒங்க மாமாவையே மாட்டுடா. இனிமே அவுருக்கு என்ன ஆவப் போவுது?”

தலை தப்பியது தம்பிரான் புண்ணியம் என்று மாட்டிவிட்டேன். நடிகை உங்கள் முன்னால் விழுந்து கதறினார். அக்கா மானிட்டர் பக்கத்தில் நின்று பார்த்தாள். கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை.

அவளை பஸ் ஏற்றிவிடப் போனபோது கேட்டாள்: “ஏன்டா, சீரியல்ல செத்தவங்க திரும்பி வந்துடுவாங்க இல்ல?”

“வருவாங்கக்கா. டைரக்டருக்குத் தோணுனா வருவாங்க.” யோசிக்காமல் சொல்லிவிட்டேன்.

“அப்ப தெனம் பாக்கறேன்” என்று ஏறி உட்கார்ந்துகொண்டாள்.

மாமா, வேடிக்கைக்குச் சொன்னாளா? திரும்பப் போன் போட்டுக் கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை. என் உயிருக்குப் பயந்து நடுங்கினேனே, அதெல்லாம் ஒன்றுமே இல்லை. இப்போதுதான் பயம் என்றால் என்னவென்று தெரிகிறது. உங்களை அங்கே மாட்டியிருக்கக் கூடாதோ?

ஒரு வாக்கு தருகிறேன். அந்தக் காட்சி டிவியில் வரும் நாளில் நான் எந்த செட்டிலும் இருக்க மாட்டேன். முதுநகர் வீட்டில் அக்கா பக்கத்தில் இருப்பேன். கதையில் அந்தக் கணவர் திரும்பி வந்தாலும் வரலாம். வேறு முகத்தோடு யாரோ ஒருவர் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வருவார். அன்றைக்கும் அவள் கையை நான் பிடித்துக்கொண்டிருப்பேன் மாமா.

உங்கள் ஸ்டெல்லாவின் தம்பி, உங்கள் மச்சான்,
அந்தோணி