பத்தொன்பது வருடம் மாற்றாத ரேஷன் கார்டு

14 ஜூலை 2006, வெள்ளி

என் மனைவி செல்லத்தாய்க்கு நான் அநியாயம் செய்துவிட்டேன். திருப்பூருக்கு வந்து பத்தொன்பது வருடமாகியும் ரேஷன் கார்டை இங்கே மாற்ற நான் சம்மதிக்கவில்லை. மாற்றினால், இனி ஊருக்குத் திரும்பமாட்டோம் என்று கையெழுத்துப் போட்டது போலாகிவிடும் என்று பிடிவாதமாக இருந்தேன்.

அவள் நூல் பிசிறு வெட்டும் வேலை பார்க்கும் பனியன் கம்பெனியில், வாக்காளர் அட்டை இல்லாதவர்களை அடுத்த மாதம் முதல் உள்ளே விடமாட்டார்களாம். அவளுக்கு அது இல்லை; விண்ணப்பிக்க இன்று தாலுகா ஆபீசுக்குப் போனோம்.

“ரேஷன் கார்டு திருநெல்வேலி அட்ரஸ்ல இருக்குதுங்களே, இங்க குடியிருக்கறதுக்கு என்னங்க அத்தாட்சி?” என்றார் குமாஸ்தா.

“பத்தொம்பது வருசமா இங்கனதான் இருக்கோம்” என்று சத்தம் போட்டேன்.

“அது கார்டுல இல்லீங்களே, ஐயா.”

வெளியே வந்ததும் செல்லத்தாய் கேட்டாள்: “ஊருக்குப் போவோம் போவோம்னு சொன்னிய. இப்ப நான் எந்த ஊர்க்காரி?”



திங்களன்று நான் ஊருக்குப் போய்க் கார்டை ஒப்படைத்துச் சான்று வாங்க வேண்டும். வீட்டுக்காரர் வாடகைக் கடிதம் தர வேண்டும். எங்கள் மகன் அவள் கம்பெனி சூப்பர்வைசரிடம் போய், அட்டை வரும்வரை அவளுக்காக அவகாசம் கேட்க வேண்டும். புது விண்ணப்பத்தில் நிரந்தர முகவரி என்ற இடத்தில் திருப்பூர் என்று எழுத வேண்டும். அதை நான்தான் எழுத வேண்டும்.