என் புத்தகம் இடித்த வீடுகள்

பெரியவன் அம்மாவுக்கு,

என் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டே நகரத் திட்ட அலுவலகத்தார் ஒரு தெருவை இடித்துவிட்டார்கள். நான் நலம்தான். உன் மூட்டுவலி எப்படி இருக்கிறது?

கல்லூரி வாசலை மிதிக்காத நான், ஆறு வருடம் அந்தத் தெருவை வீடு வீடாக அளந்து, எந்த மாடி அனுமதியில்லாமல் எழும்பியது என்றுகூட வியந்து எழுதினேன். அதையே அவர்கள் பட்டியலாக்கிக்கொண்டார்கள். நேற்று அந்தத் தெருத் தையற்காரர் செங்கல் குவியல்மேல் மெஷினோடு உட்கார்ந்திருந்தார்.

"வாங்க ஐயா! நல்லா எழுதியிருக்கீங்க, ஒரு வீட்டைக்கூட விடலையே!" என்றார். சிரித்துவைத்தேன்.

தபாலுக்கு நேரமாகிறது. அந்தத் தெருக்காரர்களுக்கு வீடு கிடைக்கும்வரை நான் தினமும் அந்த அலுவலக வாசலில் உட்காருவேன். பெரியவன் பதிப்பாளரைப் பார்த்து மறுபதிப்பை நிறுத்த வேண்டும். நீ என் பழைய கண்ணாடியை அனுப்பு. வாரம் ஒரு கடிதம் போடு, திட்டியாவது எழுது.