அணைக்காமல் விட்டது

அன்புள்ள அம்மாவுக்கு,

மூட்டுவலி குறைந்ததா? நான் நலம். கம்பாலாவில் ஓயாத மழை.

எச்.ஐ.வி. மருந்தகம் ஒன்றுக்கு நாங்கள் செய்த இணையதளம் போன மாதம் மந்திரி கையால் திறக்கப்பட்டது. அதற்கு முன்பே, பிழை தேடுவதற்காக வைத்திருந்த சோதனை நிலையை அணைக்கச் சொன்னேன்; அணைக்காவிட்டால், பிழை வரும்போது உள்ளே இருப்பதெல்லாம் திரையில் கொட்டும்.

“மந்திரி முன்னாடி நின்னுபோச்சுன்னா காரணம் தெரிய வேணாமா? விழா முடியட்டும், பயந்தாங்கொள்ளி!” என்று மேலாளர் முகெர்வா சிரித்தார்.

விழாவுக்கு மறுநாளே பிழை வந்தது. நோயாளிகளின் பெயர்களை யாரோ படம்பிடித்துப் பரப்பிவிட்டார்கள். அதிலிருந்த நபுகேரா என்ற காய்கறிக்காரி அதன்பின் மாத்திரை வாங்க வரவேயில்லை. மற்றபடி வேலை நன்றாகப் போகிறது.

எள் விழுது அனுப்புங்கள். தனியாகச் சாப்பிட்டால் எதுவும் இறங்குவதில்லை.

நீங்கள் மாத்திரை வாங்கும் மருந்தகத்திலும் கணினி வருகிறதாம். நான் வந்து பார்க்கும்வரை அதில் பெயர் கொடுக்காதீர்கள். மாத்திரையை மட்டும் நிறுத்திவிடாதீர்கள், அம்மா.

நம்மூருக்கு வரும் குலு பேருந்து கிளம்புகிறது. ஓட்டுநர் கடிதத்துக்குக் கை நீட்டுகிறார்.

உங்கள் அச்சிரோ