மாம்பழத்துல சிவப்புத் திட்டு

பிப்ரவரி 3, செவ்வாய்
பால்வாடி டீச்சர் பிள்ளைகளுக்குக் காட்டிச் சொல்லிக்கொடுக்க நாப்பது மாம்பழப் பொம்மையும் நாப்பது கிளிப் பொம்மையும் கேட்டிருக்கா. கடைச் சாயம் கூடாதாம். திங்கக்கிழமை கொடுக்கணும். மருமக உமாராணியோட மகளிர் குழுவுக்கு இதுதான் முதல் ஆர்டர். நம்ம கரிசல் மண்ணுல எந்தக் கலரும் எடுக்காது. அதனால மைதாவும் உப்பும் எண்ணெயும் போட்டுப் பிசைஞ்ச மாவு. மஞ்சப்பொடி சேர்த்து மாம்பழம் என் வேலை. முருங்கைக்கீரைச் சாறு விட்டுக் கிளி, எங்க வீட்டுக்காரவிய தங்கச்சி கிருஷ்ணவேணி வேலை. அவளை விட்டா கிளிக்கு ஆள் இல்லையாம். 1991 ஆவணியில, என் மக கல்யாணப் பந்தியில, நான் வச்ச பாயசத்தைப் பார்த்து 'இது கஞ்சியா மதினி'ன்னு கேட்டவ. பதினோரு பேரு சிரிச்சாவ. பதினோரு பேரு பேரும் சொல்லுவேன்.

பிப்ரவரி 5
மாம்பழம் முடிஞ்சது. கிருஷ்ணவேணி வந்து பார்த்துட்டு 'நல்லா இருக்கு மதினி'ன்னா. நல்லா இருக்குன்னு சொல்லுத ஆளா அவ?

பிப்ரவரி 6
காலையில பார்த்தா பன்னிரண்டு மாம்பழத்துல சிவப்புச் சிவப்பா திட்டு. அம்மை போட்ட மாதிரி. நேரே அவ வீட்டு வாசலுக்குப் போனேன். 'ஏட்டி, என் மாம்பழத்துல குங்குமத்தைத் தடவுனியா?' தெருவே கேட்டுச்சு.
'குங்குமம் என்ன சும்மாவா கிடைக்கு, உங்க மாம்பழத்துல பூச?'ன்னா. கிளி மாவை உமாராணி கையில கொடுத்துட்டு, இனி குழுவுக்கே வரலைன்னுட்டா.
போகட்டும். உமாராணி செஞ்ச கிளி காக்கா மாதிரி இருக்கு.

பிப்ரவரி 7
புதுசா பன்னிரண்டு உருட்டி, அறையைப் பூட்டி, சாவியை இடுப்புல சொருகிக்கிட்டேன். மத்தியானம் வெத்தலை போட்டுட்டுப் போய், காயட்டும்னு ஒவ்வொண்ணாத் திருப்பி வச்சேன். இப்போ பார்க்கேன் — மறுபடி சிவப்பு. யாரு வந்தா? ஒருத்தரும் வரல. திட்டு மேல என் கட்டைவிரலை வச்சுப் பார்த்தேன். சரியாப் பொருந்துது. நகத்துல சுண்ணாம்பு.
எத்தனை கல்யாணத்துக்கு மஞ்சத் தண்ணியில சுண்ணாம்பு போட்டு ஆரத்தி கரைச்சிருக்கேன். சிவக்கும்னு தெரியாதா எனக்கு?
பார்த்தவுக யாரும் இல்ல. கையைக் கழுவிட்டு, பன்னிரண்டையும் மறுபடி உருட்டி வச்சேன்.

பிப்ரவரி 8, ஞாயிறு
உமாராணி ரெண்டு தடவை போய்க் கூப்பிட்டும் கிருஷ்ணவேணி வரல. 'கிளி இல்லைன்னா ஆர்டரும் இல்ல அத்தை'ன்னு மூலையில உக்காந்து அழுதா. நான் போய் உண்மையைச் சொன்னா, முப்பத்தஞ்சு வருசம் பிடிச்சு வச்ச கோவம் என்ன ஆவுது?
போனேன். மிளகாய்வத்தல் காம்பு கிள்ளிக்கிட்டு இருந்தா. மஞ்ச மாவு உருண்டையில சுண்ணாம்பு தொட்ட விரலை அமுக்கிக் காட்டினேன். சிவந்துச்சு.
'வாயால சொல்லுங்க மதினி'ன்னா.
தப்பு என் மேலதான்னு சொன்னேன்.
'தெருவுக்குக் கேக்கலையே.'
கொஞ்சம் சத்தமாச் சொன்னேன்.

பிப்ரவரி 9, திங்கள்
விடியுமுன்ன வந்துட்டா. வெயில் ஏறுததுக்குள்ள நாப்பது கிளியும் ஆச்சு. மூக்குச் சிவப்புக்கு என்ன செய்யன்னு உமாராணி கேட்டா. கிருஷ்ணவேணி மஞ்ச மாவைக் கிள்ளி மூக்கா ஒட்டினா. பிறகு என் கையை இழுத்து, கட்டைவிரல்ல சுண்ணாம்பைத் தடவி, ஒவ்வொரு மூக்கிலயும் வச்சு அமுக்கினா. நாப்பதாவது கிளி வரைக்கும் கையை விடல. விரல் காந்துது. நானும் கையை இழுத்துக்கல.