துமிக்குப் போட்ட படுதா

ஜனவரி 20, திங்கள்

இல்லை, துமிக்குப் பொருள் 'தூறல்' என்று எழுதிவிட்டால் முடிந்துவிடாது. தூறலுக்கு இங்கே தூத்தல் என்றொரு சொல் இருக்கிறது. பிறகு துமி என்று இன்னொன்று எதற்கு?

வெள்ளிக்குள் பொருளும் வேரும் வேண்டுமாம். என் நெறியாளர் அன்புச்செல்வன் சார் சொல்லிவிட்டார். இல்லாவிட்டால் துமி என் வட்டாரச்சொல் ஆய்வேட்டை விட்டு வெளியே. அதற்காகத்தான் ரிஷிவந்தியம் பக்கம் சித்தி வீட்டில் வந்து உட்கார்ந்திருக்கிறேன்.

ஜனவரி 21

அகராதியில் துமித்தல் என்றால் வெட்டுதல் என்றும் இருக்கிறது. அப்படியானால் துமி — வானம் பொடிப்பொடியாய் நறுக்கிப் போட்ட நீர். எழுதியதும் எனக்கே கர்வம்.

சாலையோரம் காயப்போட்ட மக்காச்சோளத்தைக் கிளற வந்த பாப்பாத்தி அக்காவிடம் வாசித்துக் காட்டினேன். கல்வராயன் மலைக்காரர்.

"நறுக்கறதுக்கு அது இன்னா வெங்காயமா?"

"அப்ப துமின்னா இன்னாக்கா?"

"வந்தா தெரியும் பாப்பா."

வரவில்லை. வெயில்.

ஜனவரி 22

சித்தி கள்ளக்குறிச்சி போயிருந்தார். சாலையோரம் காயும் சோளத்துக்கு நான் காவல். வெள்ளிக்கிழமை வியாபாரியின் வண்டி. ஈரம் இருந்தால் ஏற்றமாட்டார்கள்.

பதினொரு மணிக்கு முகத்தில் ஏதோ பட்டது. துளி என்று சொல்ல முடியாது. மூக்குக்கண்ணாடி மட்டும் நனைந்தது. துமி! முதலில் குறிப்பேட்டைத் திறந்தேன். நேரம், திசை. பிறகுதான் சோளம் ஞாபகம் வந்தது. ஓடிப்போய்ப் படுதாவை இழுத்து மூடி, சுற்றிலும் கல் வைத்தேன். ஐந்து நிமிடத்தில் வெயில். நான் உள்ளே எழுதிக்கொண்டிருந்தேன், மாலை வரை.

சித்தி வந்து படுதாவைத் தூக்கினார். ஆவி பறந்தது.

"இன்னாடி, சோளத்த அவிச்சு வச்சிருக்க?"

"மழை வந்துச்சு சித்தி."

"மழயா? துமிக்குப் போய் யாருனா படுதா போடுவாங்களா? சூட்டோட மூடினா வேர்த்துடாது?"

பாப்பாத்தி அக்கா சிரிப்பை அடக்கவே இல்லை. "அதான் சொன்னனே, வந்தா தெரியும்னு."

ஜனவரி 23

பூஞ்சை பிடித்துவிட்டால்? நான்கு மாதப் பாடு. சித்தி அதற்குமேல் திட்டவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது. ஐயோ, படிச்சு இன்னா கிழிச்சேன்?

காலையிலிருந்து மூவரும் சோளத்தைக் காலால் கிளறிக்கொண்டே நடந்தோம்.

ஜனவரி 24, வெள்ளி

வண்டிக்காரர் தங்கதுரை அண்ணன் ஒரு மணியை எடுத்துக் கடித்தார். இன்னொன்று. முகர்ந்தும் பார்த்தார்.

"கெடல. இன்னும் ஒரு நாள் காயட்டும், நாளைக்கு ஏத்திக்கறேன்."

சித்தி மூச்சு விட்டார். பிறகுதான் நான்.

சாருக்கு அனுப்பியது: 'துமி — காயும் தானியத்தை மூட வேண்டாத மழை. வேர் — தெரியவில்லை.'

'சான்று?' என்று கேட்டிருக்கிறார்.

மூன்று மணிக்கு மறுபடி கண்ணாடி நனைந்தது. சித்தியும் பாப்பாத்தி அக்காவும் வேலையை நிறுத்திவிட்டு என்னையே பார்த்தார்கள்.

கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, மடித்து வைத்த படுதாவின் மேல் உட்கார்ந்தேன்.