அளவுகல்லைத் தோற்கடித்த ஊர்

அறம் நிலைக்க. குடவோலைக்குக் கட்டுப்பட்டு வெண்மலை நாட்டை ஆளும் நெடுங்கோப் பெருமானின் ஆணைப்படி, நீரமைச்சன் வெண்கோடன் விடுக்கும் ஓலை. ஆற்றின் கீழ்க்கரையில் முந்நூறு வீடுகளைக் காக்கும் தாழைப்பாடிச் சபைத் தலைவி அல்லியங்கோதையார்க்கு நலம் பெருகுக; தங்கள் நெல்லும் மக்களும் தழைக்க.

தங்கள் ஊருக்கு மேலுள்ள கொன்றைமங்கலத்துப் பேரேரியின் செம்மண் கரை, அளவுகல்லில் இருபதாம் கீறல் வரையே தாங்கும். நீர் பதினைந்தைத் தொட்டபோதே மதகைத் திறக்குமாறு கல்லைப் படிக்கும் அளவர் தூமணி அவ்வூர்ச் சபையில் வேண்டினார். திறந்தால் மதகடி வயல்கள் மூழ்கும். ஆகவே கல்லே பொய் சொல்கிறது என்று ஒருவர் எழுந்தார். தூமணிக்குத் தம் நிழலைக் கண்டாலும் வெள்ளமாகத் தெரியும் என்று இன்னொருவர் சொல்ல, சபை சிரித்ததாம். பின்னர் குடம் வைத்து ஓலை இட்டார்கள். கல் தோற்றது.

குடத்தில் தோற்ற சொல்லை அடுத்த அறுவடை வரை எவரும் உரைக்கலாகாது என்பது, பூசல் தீர நம் முன்னோர் வகுத்த விதி. தூமணி அதை மீறவில்லை. நாள்தோறும் விடியலில் கல்லைப் பார்த்துவிட்டு, வீட்டுப் பொருள் ஒன்றைக் குன்றின்மேல் கொண்டுபோய் வைக்கிறார். முதலில் உரல், பிறகு கதவு, நேற்றுத் தாயின் கட்டில். ஏனென்று ஒருவரும் கேட்கவில்லை என்கிறார் நம் தூதர். நேற்று நீர் பதினெட்டில் நின்றது.

குடத்தை மீறும் உரிமை வேந்தர்க்கும் இல்லை. ஆயினும் படைத்தலைவர்கள் மகிழ்ந்திருப்பதைத் தங்களிடம் மறைப்பதற்கில்லை. கரை உடையட்டும், கல்லைப் படிக்க மறுத்த குடிகளுக்குக் குடம் எதற்கு என்று பிறகு கேட்போம் என்கிறார்கள். வெள்ளம் வடிந்தபின் வாள் வரும்.

தாழைப்பாடியும் வெள்ளம் வருமா என்று குடம் வைக்கப்போவதாகக் கேள்வியுற்றோம். அதைத் தடுக்க நமக்கு வழியில்லை. ஆனால் சபை கூடும் இடத்தைக் குறிக்கும் உரிமை ஒன்று வேந்தரிடம் எஞ்சியிருக்கிறது. ஆதலின் ஆணை: தங்கள் சபை வடகுன்றின் உச்சியில் கூடுக. குழந்தைகளும் நோயாளிகளும் கன்றுகாலிகளும் உடன் வருக. மழை ஓயும்வரை அங்கே வாதிடுக; அதன்பின்னரே ஓலை இடுக.

கார் தொடங்கிய பன்னிரண்டாம் நாள், வேந்தரின் நாவல்மர முத்திரை இட்டோம். இவ்வோலை சேரும் வேளையில் ஆறு செம்மண் நிறத்தில் ஓடினால், முத்திரையைச் சரிபார்க்க நிற்க வேண்டா.